ஸ்மார்ட் (Smaart என்ற சத்தம் அளக்கும் மென்பொருள்) வைத்து சவுண்டு டியூன் செய்வது: கேள்வி பதில்

கேள்வி: அண்ணே, மண்டபத்தில் ஸ்மார்ட் போட்டுப் பார்த்தால் 200 ஹெர்ட்ஸில் பெரிய பள்ளம். ஈக்யூவில் (ஒவ்வொரு ஹெர்ட்ஸ் பகுதியையும் தனியாக ஏற்றி இறக்கும் கருவி) 9 டிபி ஏற்றியும் நிரம்பவில்லையே?

நிரம்பாது தம்பி. ஸ்பீக்கர் 3 மீட்டர் உயரம், மைக் ஒன்றரை மீட்டர் உயரம், நடுவில் 10 மீட்டர் என்று வையுங்கள். தரையில் பட்டு வரும் சத்தம் சுமார் 85 சென்டிமீட்டர் அதிகம் சுற்றி வருகிறது, 200 ஹெர்ட்ஸுக்கு அது ஏறக்குறைய அரை அலை, அதனால் நேரே வந்ததை அடித்துவிடுகிறது. ஈக்யூவை ஏற்றினால் இரண்டும் சேர்ந்தே ஏறும், பள்ளம் அங்கேயே இருக்கும். மைக்கைத் தரையில் படுக்கவைத்து அளந்து பாருங்கள், காணாமல் போய்விடும். கோஹிரன்ஸ் கோடு (அளந்ததை எவ்வளவு நம்பலாம் என்று ஸ்மார்ட் காட்டுவது) விழுந்திருக்கும் இடத்தில் ஈக்யூவில் கை வைக்காதீர்கள்.

கேள்வி: எஸ்எம்58 வைத்து அளக்கலாமா?

வேண்டாம். அது பாடகருக்கான மைக். எல்லாப் பக்கமும் ஒரே மாதிரி எடுக்கும் மெஷர்மென்ட் மைக், விலை குறைந்ததே போதும்.

கேள்வி: போன் ஆப்பில் ஆர்டிஏ (எந்த ஹெர்ட்ஸில் எவ்வளவு சத்தம் என்று காட்டுவது) இருக்கிறதே சார்?

ஆர்டிஏவுக்கு வந்தது மட்டும்தான் தெரியும், நீங்கள் என்ன அனுப்பினீர்கள் என்று தெரியாது. ஸ்மார்ட் இரண்டையும் ஒப்பிடுகிறது. காசு பிரச்சினை என்றால் அதே மாதிரி ஒப்பிடும் ஓப்பன் சவுண்ட் மீட்டர் மென்பொருள் இலவசம்.

கேள்வி: சப்புக்கு (அடித்தொனி ஸ்பீக்கர்) டிலே ஃபைண்டர் (சத்தம் மைக்குக்கு வந்துசேரும் நேரத்தை ஸ்மார்ட் கண்டுபிடிப்பது) ஒவ்வொரு தடவையும் வேறு எண் காட்டுகிறது.

காட்டத்தான் செய்யும், சப்பின் இம்பல்ஸில் (சத்தம் வந்துசேர்வதைக் காட்டும் துடிப்பு) கூர்மையான உச்சி கிடையாது. டாப்புக்கு (சப்புக்கு மேல் உள்ள ஒலியைத் தரும் ஸ்பீக்கர்) கண்டுபிடித்த டிலேயை மாற்றாமல் வைத்துக்கொண்டு சப்பின் ஃபேஸ் கோட்டை (அலை ஏறி இறங்குவதில் எந்தக் கட்டத்தில் வருகிறது என்பது) பாருங்கள், கிராஸ்ஓவர் (சப் விட்டு டாப் எடுக்கும் ஹெர்ட்ஸ்) பக்கம் இரண்டு கோடும் ஒன்றன்மேல் ஒன்று சாய்ந்து போகவேண்டும். 100 ஹெர்ட்ஸில் 5 மில்லிசெகண்டு தவறினால் சப்பும் டாப்பும் ஒன்றையொன்று தின்றுவிடும்.

கேள்வி: 60 ஹெர்ட்ஸில் பள்ளம், எத்தனை டிபி ஏற்றட்டும்?

முதல் பதிலைப் படியுங்கள். கோஹிரன்ஸ் எப்படி இருக்கிறது என்று சொல்லாமல் டிபி கேட்காதீர்கள்.

கேள்வி: வெயில் தணிந்ததும் டிலே டவரை (தூரத்தில் இருப்பவர்களுக்காக நடுவில் நிறுத்தி, மேடைச் சத்தம் வரும் நேரத்துக்குத் தாமதப்படுத்தி ஒலிக்கவிடும் ஸ்பீக்கர்) மறுபடி அளக்கவேண்டும் என்று போன தடவை சொன்னீர்கள். ஒன்றே முக்கால் மில்லிசெகண்டுக்கு இவ்வளவு பாடா? ஆள் நாலு அடி தள்ளி உட்கார்ந்தாலே அது மாறிவிடும்.

பக்கவாட்டில் தள்ளி உட்கார்ந்தால் மாறும், ஒத்துக்கொள்கிறேன். ஆனால் மேடை, டவர், அதற்குப் பின்னால் உட்கார்ந்திருப்பவர் மூன்றும் ஒரே நேர்கோட்டில் இருந்தால் அவர் பின்னால் எவ்வளவு போனாலும் இரண்டு தூரமும் சமமாகத்தான் கூடும், தவறு அப்படியே கூடவே வரும். காற்று குளிர்ந்தால் சத்தம் மெதுவாகப் போகும்: மேடையிலிருந்து டவருக்கு 40 மீட்டர் என்றால் மாலை 4 மணிக்கு 36 டிகிரியில் சுமார் 113.5 மில்லிசெகண்டு, இரவு 27 டிகிரியில் 115.2. அந்த வித்தியாசத்தில் 300 ஹெர்ட்ஸ் பக்கம் அடிபடும், ஆண் குரலின் கனம் அங்கேதான் இருக்கிறது. திறந்த மைதானத்தில் சாயங்காலம் கனமாக இருந்த குரல் ராத்திரி மெலிந்து கேட்டதை அந்த வரிசையில் நின்று நானே கேட்டிருக்கிறேன்.

கேள்வி: அதே ஆள்தான். சரி, ஆனால் ஜனம் உட்கார்ந்த பிறகு பிங்க் நாய்ஸ் (எல்லா ஹெர்ட்ஸும் கலந்த சோதனை இரைச்சல்) போடமுடியாதே?

போடவேண்டாம். மிக்ஸரிலிருந்து போகும் பாட்டையே ரெஃபரன்ஸாக (மைக்கில் வந்ததோடு ஒப்பிட, அனுப்பியது இது என்று) ஸ்மார்ட்டுக்குக் கொடுங்கள், ஆவரேஜிங்கை (சராசரி எடுக்கும் நேரம்) கூட்டுங்கள், மைக்கை டவருக்குக் கொஞ்சம் பின்னால் அதே நேர்கோட்டில் வையுங்கள். இரண்டு பாட்டு முடிவதற்குள் கோடு நிலைக்கு வந்துவிடும்.