மக்களின் காலை நேரப் பழக்கங்கள் மாறிவருவதை எப்படிப் பதிவு செய்வது?

"வழக்கமா காலையில என்ன செய்வீங்க?" என்று மட்டும் கேட்டுவிடாதீர்கள். ஐந்து மணிக்கே எழுந்து வாசல் தெளித்துக் கோலம் போட்டுவிடும் ஒரு லட்சிய வீடு பதிலாக வரும். "நேத்து எழுந்ததும் முதல்ல என்ன செஞ்சீங்க, அதுக்கப்புறம்?" என்று கேளுங்கள்.

மத்திய அரசின் நேரப் பயன்பாட்டுக் கணக்கெடுப்பிலும் (2019, 2024) முந்தைய நாளைத்தான் கேட்டார்கள். விடிகாலை 4 மணி தொடங்கி மறுநாள் 4 மணி வரை, அரைமணி அரைமணியாக, ஆறு வயதிலிருந்து எல்லாரிடமும். ஆனால் காலை 6லிருந்து 8 வரைக்கும் அரைமணி என்பது பெரிய அளவு. ஐரோப்பிய நாடுகளில் செய்வதுபோல் பத்து நிமிடக் கட்டங்களாகப் பிரியுங்கள். பூ வியாபாரி, பால் போடுபவர் போன்றவர்களுக்கு 4 மணி என்பது பாதி வேலை முடிந்த நேரம். அவர்களுக்கு முந்தைய இரவிலிருந்தே தொடங்குங்கள்.

மணி நினைவில்லை என்பார்கள். குழாயில் தண்ணீர் வந்தது, பாங்கு கேட்டது, ஸ்கூல் வேன் வந்தது, இதில் எதற்கு முன், எதற்குப் பின் என்று கேட்டால் சரியாகச் சொல்வார்கள்.

ஒவ்வொரு கட்டத்துக்கும் 'கூடவே செய்த வேலை' என்று இன்னொரு பத்தி கட்டாயம் வேண்டும். குக்கர் விசில் எண்ணிக்கொண்டே மகளுக்குச் சடை பின்னுபவரின் கணக்கில், அது இல்லாவிட்டால் சமையல் மட்டும்தான் மிஞ்சும். மனைவிக்காகக் கணவர் சொல்லும் பதிலையும் ஏற்காதீர்கள். "அவ சமைப்பா" என்பதோடு முடித்துவிடுவார். 2019 கணக்கெடுப்பில், ஊதியமில்லாத வீட்டு வேலை செய்த பெண்கள் அதற்குச் செலவிட்டது நாளுக்குச் சராசரியாக 299 நிமிடம். செய்த ஆண்கள் செலவிட்டது 97 நிமிடம்.

மாற்றத்தைப் பிடிக்கப் பொருளைப் பற்றிக் கேளுங்கள்: இட்லி மாவு எங்கிருந்து வந்தது? பாக்கெட் மாவு மிச்சப்படுத்தியது காலை நேரத்தை அல்ல. மாவு புளிக்க வேண்டுமென்பதால் அரைப்பது முந்தைய நாள் வேலை. காலையை மட்டும் பார்ப்பவர் அந்த மாற்றத்தைத் தவறவிடுவார். கோல ஸ்டிக்கர் அப்படியில்லை, அது நேராகக் காலையில் கைவைக்கிறது. ஒரே வீட்டில் வேலைநாள் ஒன்று, ஞாயிறு ஒன்று, முடிந்தால் மார்கழியில் ஒன்று எனப் பதியுங்கள். மார்கழிக் கோலத்தை மட்டும் பார்த்து ஆண்டு முழுவதற்கும் எழுதிவிடக் கூடாது.

மொபைல் பார்த்தீர்களா என்று நேராகக் கேட்டுப் பயனில்லை, "டைம்தான் பார்த்தேன்" என்பார்கள். அலாரம் அடித்தது எப்போது, பல் துலக்கியது எப்போது என்று தனித்தனியாகக் கேட்டுக் கழித்துப் பாருங்கள்.