பாதிரியாரின் விதவை – கடிதம்

அன்புள்ள ஆசிரியருக்கு,

டென்மார்க் இயக்குநர் டிரையர் 1920இல் எடுத்த 'பாதிரியாரின் விதவை' மௌனப்படத்தை உங்கள் பரிந்துரையால் பார்த்தேன். புதிதாக வரும் இளம் போதகர், இறந்த போதகரின் வயதான மனைவியை மணந்தாக வேண்டும் என்பது ஊர் வழக்கம். மூன்று கணவர்களை இழந்த அந்தக் கிழவியைப் பார்த்து முதலில் சிரிக்க வைத்துவிட்டுப் பிறகு அழச் சொல்கிறார் இயக்குநர். இரண்டு படங்களை ஒட்டியதுபோல் இருந்தது. கிராமத்தாரை இத்தனை கொடியவர்களாகக் காட்டியிருக்க வேண்டுமா?

பா.

அன்புள்ள பா.,

அந்த வழக்கம் கற்பனையல்ல. லூதரன் என்னும் சீர்திருத்தக் கிறிஸ்தவ சபைகள் வேரூன்றிய ஸ்காண்டிநேவிய நாடுகளில் உண்மையிலேயே இருந்தது. போதகர் குடியிருக்கும் குருமனையும் அதைச் சேர்ந்த நிலமும் பதவிக்கு உரியவை என்பதால், போதகர் இறந்ததும் அவர் மனைவிக்கு வீடும் இல்லை, வருமானமும் இல்லை. அவளைப் பராமரிக்கும் செலவைத் தாங்கள் ஏற்காமல் அடுத்து வருபவர் தலையில் கட்டினார்கள் ஊரார். கஞ்சத்தனம்தான், ஆனால் அவளைத் தெருவில் விட்டுவிடுவதைக் காட்டிலும் மேல்.

ஒட்டு என்று நீங்கள் சொல்வதை நான் ஏற்கவில்லை. காதலி மாரியைத் தங்கை என்று சொல்லி வீட்டுக்குள் வைத்திருக்கும் இளம் போதகன் சோஃப்ரென், கிழவியை ஒழிக்கச் செய்யும் தந்திரங்களை நினைத்துப் பாருங்கள். பேய் வேடமிட்டு வருகிறான். காலில் கிடக்கும் செருப்பு காட்டிக்கொடுத்துவிடுகிறது. கிழவி விழட்டும் என்று ஏணியை அகற்றினால் விழுவது மாரி. அவளுக்குப் பணிவிடை செய்பவளோ அதே கிழவி. அந்த நாட்களில்தான், தானும் தன் முதல் கணவரும் ஒரு காலத்தில் வேறொரு கிழவியின் சாவுக்காகக் காத்திருந்ததை அவள் சொல்கிறாள். நாம் எதற்குச் சிரித்தோமோ அதைத்தான் அவளும் தன் இளமையில் செய்திருக்கிறாள். முதல் பாதியில் அத்தனை சிரிக்காதவருக்கு இந்த இடம் இவ்வளவு உறைக்காது.

நார்வேயின் லில்லேஹாமரில், ஆண்டர்ஸ் சாண்ட்விக் என்ற பல் மருத்துவர் பழைய மரவீடுகளைத் திரட்டி உருவாக்கிய மைஹாவ்கன் திறந்தவெளி அருங்காட்சியகத்தில் எடுத்த படம் இது. கரிபிடித்த உத்தரமும் தேய்ந்த வாசற்படியும் கலை இயக்குநர் செய்தவையல்ல. கிழவியாக நடித்த ஹில்டூர் கார்ல்பெர்க் எழுபதைக் கடந்தவர். உடல்நலம் குன்றிய நிலையில் நடித்தார், படம் திரைக்கு வருமுன்பே இறந்துவிட்டார். கால்நடைகளிடமும் வீட்டிடமும் அவர் விடைபெறும் காட்சியை இதை அறிந்த பிறகு என்னால் நடிப்பாக மட்டும் பார்க்க முடியவில்லை.

படத்தில் சாகுமுன் அந்தக் கிழவி விட்டுச்செல்லும் வேண்டுகோளைக் கவனித்தீர்களா? கதவுக்கு மேல் குதிரை லாடம் அடியுங்கள், நான் ஆவியாகத் திரும்பி வராமலிருக்க ஆளி விதையைத் தூவுங்கள் என்கிறாள். பேய் வேடத்துக்கு அஞ்சாதவளுக்குத் தன் ஆவியைப் பற்றி அத்தனை எச்சரிக்கை. அந்த இடத்தில் நான் சிரித்துவிட்டேன்.