குரல் முன்னே, கருவி பின்னே

கேள்வி: கல்லூரியில் படிக்கும் என் மகன் ‘பமனன்’ என்ற ஆல்பத்தைக் கேட்கச் சொன்னான். ஆப்பிரிக்கப் பெண் ஒருவர் பாடுகிறார், பின்னால் கம்ப்யூட்டர் இசை. ஒரு வார்த்தை புரியவில்லை, ஆனாலும் கண் கலங்கிவிட்டது. யார் இவர்? என்ன மொழி?
– கும்பகோணம் வாசகி

பதில்: முதலில் உங்கள் மகனுக்கு என் நன்றியைச் சொல்லுங்கள் அம்மா. 2022 பிப்ரவரியில் இந்த ஆல்பம் வந்தபோது ஒரு வாரம் நான் வேறு எதையும் கேட்கவில்லை.

பாடுபவர் ரோக்கியா கோனே. மேற்கு ஆப்பிரிக்காவில் உள்ள மாலி நாட்டுக்காரர். தலைநகர் பமாகோவின் கிளப்களில் பாடிப் பெயர் வாங்கியவர். ‘பமாகோவின் ரோஜா’ என்று அவரை அழைக்கிறார்கள். ஆப்பிரிக்கப் பாடகிகள் பலர் சேர்ந்து நடத்தும் ‘லே அமேசோன் தாஃப்ரிக்’ குழுவிலும் பாடுபவர். நீங்கள் சொல்லும் கம்ப்யூட்டர் இசை ஜாக்நைஃப் லீயுடையது. அயர்லாந்துக்காரர், இருப்பது கலிபோர்னியாவில். யூ2, ஆர்.இ.எம். போன்ற பெரிய ராக் குழுக்களுக்கு ஆல்பம் தயாரித்துக் கொடுத்தவர். வெளியிட்டது, இங்கிலாந்துப் பாடகர் பீட்டர் கேப்ரியல் தொடங்கிய ரியல் வேர்ல்டு நிறுவனம்.

மொழி பம்பரா. மாலியில் பெரும்பாலோர் தாய்மொழியாகவோ இரண்டாம் மொழியாகவோ இதைப் பேசுகிறார்கள். பம்பரா என்பது வெளியார் வழியாகப் பரவிய பெயர். அந்த மக்கள் தங்களைச் சொல்லிக்கொள்வது பமனன் என்று, மொழியைச் சொல்வது பமனன்கன் என்று. இந்தக் ‘கன்’ என்ற சொல்லை அறிந்த நாளிலிருந்து அது என்னைவிட்டுப் போகவே இல்லை. அதற்குக் கழுத்து என்று பொருள், குரல் என்று பொருள், மொழி என்றும் பொருள். நம்மிடமும் மிடறு என்றால் தொண்டை, பழைய உரைகாரர்கள் வாய்ப்பாட்டை மிடற்றுப்பாடல் என்பார்கள். அர்த்தம் தெரியாமல் நீங்கள் கலங்கியதில் எனக்கு ஆச்சரியமே இல்லை. கழுத்திலிருந்து வருகிற எதையும் மறைக்காமல் பாடுகிறவர் அவர். சொல்லுக்கு முன்பே மூச்சு வந்து நம்மைத் தொட்டுவிடுகிறது.

கேள்வி: காலங்காலமாக வரும் பாட்டை மெஷினோடு சேர்த்தால் கெட்டுப்போகாதா? பணக்கார நாட்டுத் தயாரிப்பாளர்கள் இன்னொருவர் குரலை எடுத்து இஷ்டத்துக்கு வெட்டி ஒட்டுகிறார்கள் என்பதே என் எண்ணம்.
– சேலம் வாசகர்

பதில்: உங்கள் கோபத்தில் பாதி எனக்கும் உண்டு. குரலை இரண்டு விநாடிக்கு நறுக்கி, நடன மேளத்துக்கு மேலே தொட்டுக்கொள்ள ஊறுகாய் மாதிரி வைத்த ஆல்பங்கள் ஏராளம். அவற்றில் பாடியவர் பெயர்கூடச் சில சமயம் இருக்காது.

ஆனால் கெடுப்பது மெஷின் இல்லை, அவசரம். ஒலிப்பதிவுக் கூடத்தில் இருபது வருஷம் வேலை பார்த்தவன் என்பதால் இதைச் சொல்கிறேன். எங்கள் கூடத்துக்கு ஒருமுறை ஒப்பாரி பாடும் பாட்டி ஒருவரை அழைத்து வந்தார்கள். ஹெட்போனை மாட்டிவிட்டு, டிக் டிக் என்று தாளக் கணக்கு காட்டும் க்ளிக்கை ஓடவிட்டோம். பாட்டியால் முதல் வரியைத் தாண்ட முடியவில்லை. “தம்பி, காதுல யாரோ கதவத் தட்டிக்கிட்டே இருக்கான்” என்றார். ஹெட்போனைக் கழற்றியதும் பதினோரு நிமிஷம் நிற்காமல் பாடினார். பிறகு அவர் இழுத்த இடத்தில் இழுத்து, நிறுத்திய இடத்தில் நிறுத்தி, தாளத்தை நான் ஒவ்வொரு அடியாக நகர்த்தி வைத்தேன். மூன்று இரவு வேலை. குரலைத் தாளத்துக்கு இழுப்பதானால் அதே கம்ப்யூட்டரில் ஒரு பொத்தானை அழுத்தினால் போதும், அரை நிமிஷத்தில் முடிந்துவிடும். தாளத்தைக் குரலுக்குக் கொண்டுவரத்தான் பொறுமை வேண்டும்.

பம்பராவில் இது இன்னும் நுட்பமான விஷயம், ஏனென்றால் அது சுருதியால் பொருள் மாறும் மொழி. ‘சோ’ என்ற ஒரே ஓசையை ஒரு சுருதியில் சொன்னால் வீடு, வேறு சுருதியில் சொன்னால் குதிரை. பாட்டில் மெட்டும் சேர்ந்துகொள்ளும் என்றாலும், அந்த மொழி பேசி வளர்ந்த தொண்டையின் ஏற்ற இறக்கத்தை இயந்திரத்தில் போட்டுச் சமப்படுத்துவதை என்னால் ஏற்க முடியாது.

பமனனில் குரல் தன் போக்கில் நடக்கிறது. வரியின் முடிவில் கோனே மூச்சைத் தேய்த்து இழுக்கும்போது லீயின் சிந்தசைஸர் கூடவே தணிந்துபோகிறது. கோனே குரலை உயர்த்தியபின்தான் கீழே பாஸ் என்னும் கனத்த அடி ஒலி வந்து நிற்கிறது. பாடியவர் மாலியில், இசை கோத்தவர் அமெரிக்காவின் மேற்குக் கரையில். அவ்வளவு தூரத்திலிருந்து வந்த குரலுக்கு அவர் காத்திருந்திருக்கிறார் என்பது காதுக்குத் தெரிகிறது. அட்டையில் இருவர் பெயரும் இருக்கிறது, கோனேயின் பெயர் முதலில். தலைப்போ அந்த மக்களின் பெயர்.

அப்புறம், மெஷினை வெளியார்தான் கொண்டுபோய்த் திணித்தார்கள் என்று நினைத்துவிடாதீர்கள். மாலியின் தெற்கே வசூலு பகுதியில் வேட்டைக்காரர்களுக்கே உரிய நரம்புக் கருவி ஒன்று உண்டு, டொன்சொங்கோனி. வேட்டைச் சடங்குக்கு உரியது, எல்லாரும் தொட முடியாது. கடந்த நூற்றாண்டின் நடுவில் அந்த ஊர் இளைஞர்கள் அதைச் சிறிதாக்கி, சுருதியை உயர்த்தி, ஆட்டத்துக்கு வாசிக்க ஆரம்பித்தார்கள். பெயரே கமலெங்கோனி, அதாவது இளவட்டங்களின் ங்கோனி. பெரியவர்கள் முகம் சுளித்தார்கள். இன்று அதுவே மரபு. அந்தக் கமலெங்கோனியை எடுத்துக்கொண்டு பமாகோ வந்த இஸ்ஸா பகயோகோ, 1999-இல் ‘சியா’ ஆல்பத்தில் எலக்ட்ரானிக் தாளத்தோடு வாசித்துப் பாடினார். ஊரில் அவருக்கு ‘டெக்னோ இஸ்ஸா’ என்றே பெயர் வந்துவிட்டது. 2016-இல் காலமாகிவிட்டார். மாலியின் பாடகி மமானி கெய்ட்டாவும் பிரான்ஸின் மார்க் மினெல்லியும் சேர்ந்து ‘எலக்ட்ரோ பமாகோ’ ஆல்பம் செய்தது 2001-இல். ஆக, கோனே நடந்தது ஏற்கெனவே ஆள் நடமாட்டம் இருந்த பாதையில்தான்.

கேள்வி: ‘கிரியோ’ என்ற சொல்லை அடிக்கடி பார்க்கிறேன். மாலியில் பாடுகிற எல்லாரும் கிரியோதானா?
– திண்டுக்கல் வாசகர்

பதில்: இல்லை. கிரியோ என்பது பிரெஞ்சு வழி வந்த சொல், பம்பராவில் ஜெலி. பரம்பரையாக அரச குலங்களின் வரலாற்றையும் வம்சத்தையும் மனப்பாடமாக வைத்துப் பாடும் குலத்தார். கூயாத்தே, ஜபாத்தே போன்ற குடும்பப் பெயர்களைப் பார்த்தாலே அந்த ஊர்க்காரர்களுக்குப் புரிந்துவிடும். வசூலுப் பாடகிகள் வேறு. அவர்களை ‘கோனோ’ என்பார்கள், பறவை என்று பொருள். குலத்தால் வருவதில்லை, பாட வந்தால் பாடலாம். மாலியின் புகழ்பெற்ற பாடகி உமு சங்காரே அந்த வழியில் வந்தவர்.

கேள்வி: எந்தப் பாட்டிலிருந்து தொடங்கலாம்?
– புதுச்சேரி வாசகி

பதில்: ஆடத் தோன்றும் மனநிலையில் இருந்தால் ‘மயுகுபா’. கதை பிடிக்குமென்றால் ‘பம்பூகு இன்ச்சி’. நைஜர் ஆற்றிலிருந்து வாய்க்கால் வெட்டியவன் என்று புகழப்படும் இளவரசன் பெயர் அது, இன்றைய மாலியில் இருந்த பழைய சேகு நாட்டைச் சேர்ந்தவன்.

எனக்கு எல்லாவற்றுக்கும் மேலே கடைசிப் பாட்டு, ‘நியான்யான்’. இந்த வாழ்வு கடந்துபோவது என்று சொல்லும் பழைய பாட்டு. 2020 ஆகஸ்ட் 18 அன்று மாலியில் ராணுவப் புரட்சி நடந்தது. சிப்பாய்கள் ஜனாதிபதியைப் பிடித்துவைத்தார்கள், நள்ளிரவு வாக்கில் அவர் தொலைக்காட்சியில் தோன்றிப் பதவி விலகுவதாக அறிவித்தார். அதே இரவில் பமாகோவில் கோனே இதைப் பாடிப் பதிவு செய்தார், ஒரே மூச்சில், ஒரே முறை. மறுநாள் ஊர் என்ன ஆகும் என்று யாருக்கும் தெரியாத இரவு அது. அதற்கு லீ செய்தது மிகக் கொஞ்சம். அடியில் மெல்லிதாகக் கீபோர்டை விரித்துவிட்டு ஒதுங்கிக்கொண்டார்.

போன் ஸ்பீக்கரில் கேட்காதீர்கள். ராத்திரி சமையல்கட்டு வேலையெல்லாம் முடிந்தபிறகு ஃபேனை நிறுத்திவிட்டு, நல்ல ஹெட்போனில் கேளுங்கள். வரிகளுக்கு நடுவே அவர் மூச்சு வாங்குவது கேட்கும்.