டிவி ஸ்டிக்கில் வீடியோ கேம்: நிறுவுவது முதல் விளையாடுவது வரை (கேள்வி பதில்)

வந்த கேள்விகளில் பெரும்பாலானவை அமேசான் ஃபயர் டிவி ஸ்டிக்கையும், கூகுள் டிவி அல்லது ஆண்ட்ராய்டு டிவியில் இயங்கும் சாதனங்களையும் பற்றியவை. ஒரே மாதிரியான கேள்விகளை இணைத்துப் பதில் அளித்திருக்கிறேன்.

கேள்வி: வணக்கம் ஐயா. எங்களிடம் 8 ஜிபி ஃபயர் டிவி ஸ்டிக் இருக்கிறது. பிள்ளைகள் பிளேஸ்டேஷன் கேட்கிறார்கள். இந்த ஸ்டிக்கிலேயே கேம் விளையாட முடியுமா?

விளையாட முடியும், ஆனால் எந்தக் கேம் என்பதில்தான் எல்லாம் இருக்கிறது. இந்த ஸ்டிக்குகள் படம் பார்ப்பதற்காக வடிவமைக்கப்பட்டவை. வீடியோவை விரித்துக் காட்டுவதற்கென்றே சிப்பில் தனிப் பகுதி இருப்பதால் 4கே படம்கூடத் தடையின்றி ஓடுகிறது. கேமில் ஒவ்வொரு காட்சியையும் அந்த நொடியிலேயே புதிதாக வரைய வேண்டும். அந்தச் சுமை முழுவதும் சாதாரணமான கிராபிக்ஸ் பகுதியின் மீதும் குறைவான ரேமின் மீதும் விழுகிறது. 2020-இல் வந்த மூன்றாம் தலைமுறை ஸ்டிக்கிலும் லைட் மாடலிலும் 1 ஜிபி ரேம்தான் உண்டு. 4கே மேக்ஸில் 2 ஜிபி, 2024-இல் வந்த கூகுள் டிவி ஸ்ட்ரீமரில் 4 ஜிபி. என்விடியா ஷீல்டு டிவி ப்ரோவில் 3 ஜிபி ரேம்தான் என்றாலும், அதிலுள்ள டெக்ரா எக்ஸ்1 பிளஸ் சிப் நின்டெண்டோ ஸ்விட்ச்சில் உள்ள சிப்பின் குடும்பத்தைச் சேர்ந்தது என்பதால் அது தனி ரகம்.

உங்கள் ஸ்டிக்கில் கிராஸி ரோடு, பேக்மேன் 256, பீச் பக்கி ரேசிங் போன்றவற்றை முதலில் முயன்று பாருங்கள். பத்து வயதுக்குட்பட்ட பிள்ளைகளுக்கு இவையே போதும் என்பது என் கருத்து. பிளேஸ்டேஷனுக்கு ஈடாக இது இருக்கும் என்று மட்டும் அவர்களிடம் சொல்லிவிடாதீர்கள்.

கேள்வி: போனில் விளையாடும் பிஜிஎம்ஐ, ஃப்ரீ ஃபயர் போன்றவை டிவியின் ஆப் ஸ்டோரில் தேடினால் வருவதில்லையே, ஏன்?

ஆண்ட்ராய்டு செயலி ஒவ்வொன்றும் தனக்கு எந்தெந்த வன்பொருள் தேவை என்பதைத் தன்னுள்ளேயே அறிவித்துக்கொள்ள வேண்டும். தொடுதிரை கட்டாயம் இல்லை என்றும், டிவி முகப்பிலிருந்து தன்னைத் திறக்க முடியும் என்றும் உருவாக்கியவர்கள் அறிவித்தால் மட்டுமே பிளே ஸ்டோர் அதை டிவியில் காட்டும். விரலால் குறிபார்த்து, மற்றொரு விரலால் ஓடி விளையாடும்படி உருவான கேம்களுக்கு அந்த அறிவிப்பு இருப்பதில்லை. வலுக்கட்டாயமாக நிறுவினாலும் ரிமோட்டில் எந்தப் பொத்தானை அழுத்தினாலும் எதுவும் நடக்காது. திரையில் சுட்டியைக் கொண்டுவரும் சிறு செயலிகள் உண்டு. மெனுவைக் கடக்க அவை உதவும், ஆனால் சுடும் விளையாட்டுக்கு உதவா.

ஃபயர் டிவியில் இன்னொரு தடையும் உள்ளது. அது ஆண்ட்ராய்டை அடிப்படையாகக் கொண்டிருந்தாலும் அதில் கூகுள் பிளே சேவைகள் இல்லை. உள்நுழைவுக்கும் சேமிப்புக்கும் அந்தச் சேவைகளை நம்பியிருக்கும் கேம், லோகோவைக் காட்டிய மறுகணமே மூடிக்கொள்வது பெரும்பாலும் இதனால்தான்.

கேள்வி: அண்ணா, ஸ்டோரில் இல்லாத கேமை ஏ.பி.கே. (ஆண்ட்ராய்டு செயலியை நிறுவும்) கோப்பாக ஏற்றுவது எப்படி? டெவலப்பர் ஆப்ஷன்ஸ் என்ற மெனுவே எனக்குக் காணவில்லை.

தம்பி, அந்த மெனுவைப் புதிய பதிப்புகளில் மறைத்து வைத்திருக்கிறார்கள். ஃபயர் டிவியில் செட்டிங்ஸ், மை ஃபயர் டிவி, அபவுட் என்று உள்ளே போய், சாதனத்தின் பெயர் இருக்கும் முதல் வரியின் மீது நின்று நடுப்பொத்தானை 7 முறை அழுத்துங்கள். இன்னும் எத்தனை முறை அழுத்த வேண்டும் என்பதைத் திரையின் கீழே வரும் சிறு அறிவிப்பே சொல்லும். பின்னர் பேக் அழுத்தினால் அபவுட்டுக்கு அருகில் டெவலப்பர் ஆப்ஷன்ஸ் தோன்றியிருக்கும். கூகுள் டிவியில் இதே வேலையை அபவுட் பகுதியில் உள்ள பில்டு எண்ணின் மீது செய்ய வேண்டும்.

அடுத்து, எந்தச் செயலியின் வழியாகக் கோப்பை இறக்கப் போகிறீர்களோ, அந்த ஒன்றுக்கு மட்டும் இன்ஸ்டால் அன்னோன் ஆப்ஸ் அனுமதியைக் கொடுங்கள். டவுன்லோடர் என்ற செயலியை இதற்குப் பலரும் பயன்படுத்துகிறார்கள். கேமை உருவாக்கியவர்களின் சொந்தத் தளத்து முகவரியை அதில் இட்டால் கோப்பு இறங்கி, நிறுவலாமா என்று கேட்கும். கணினி இருப்பவர்கள் ஏ.டி.பி. டீபக்கிங்கை (கணினியிலிருந்து டிவிக்குக் கட்டளை அனுப்பும் வசதி) டெவலப்பர் ஆப்ஷன்ஸில் இயக்கிவிட்டு, டிவியின் ஐ.பி. முகவரிக்கு இணைந்து, அங்கிருந்தே கோப்பைத் தள்ளலாம். எனக்கு இந்த வழியே பிடிக்கும். ஏனெனில் நிறுவல் தோற்றால் காரணத்தையும் அது எழுதிக் காட்டும். வேலை முடிந்ததும் ஏ.டி.பி.யையும் அந்த அனுமதியையும் மறக்காமல் அணைத்துவிடுங்கள். திறந்தே விட்டால் வீட்டு வைஃபையில் இருக்கும் வேறொரு கருவி உங்கள் டிவியோடு இணைய முயல இடம் கொடுத்ததாகும்.

2025-இல் வெளியான ஃபயர் டிவி ஸ்டிக் 4கே செலக்ட் வாங்கியவர்களுக்கு இந்தப் பதில் பொருந்தாது. அது ஆண்ட்ராய்டை விட்டுவிட்டு வேகா என்ற இயங்குதளத்தில் ஓடுகிறது. அதில் ஏ.பி.கே. எதையும் ஏற்ற முடியாது. அமேசானின் ஸ்டோரில் இருப்பவை மட்டுமே. கேமுக்காக ஸ்டிக் வாங்க நினைப்பவர்கள் பெட்டியில் உள்ள மாடல் பெயரைப் படித்துவிட்டு வாங்குங்கள்.

கேள்வி: எல்லாம் சரியாகச் செய்தும் கடைசியில் "ஆப் நாட் இன்ஸ்டால்டு" என்று மட்டும் வருகிறது. கோப்பு கெட்டுப்போயிருக்கிறதா?

கோப்பு கெட்டிருக்கும் வாய்ப்பு குறைவு. முதலில் சந்தேகிக்க வேண்டியது, அது 64 பிட் கோப்பா என்பதைத்தான். ஃபயர் டிவி ஸ்டிக்குகளின் சிப் 64 பிட் திறன் கொண்டதாக இருந்தாலும், அதன் மீது ஓடும் இயங்குதளம் பெரும்பாலான மாடல்களில் 32 பிட்டாகவே இருக்கிறது. தளங்களில் ஆர்ம்64 என்று குறித்திருக்கும் கோப்பை அது ஏற்காது. ஆர்ம் வி7ஏ என்று குறித்த கோப்பைத் தேடி எடுங்கள். ஏ.டி.பி. வழியாக நிறுவினால், பொருந்தும் ஏ.பி.ஐ. (ABI, அதாவது சிப் வகைக்கான வடிவம்) இல்லை என்ற பொருளில் பிழைச் செய்தி வரும். அதைப் பார்த்ததும் இதுதான் காரணம் என்று முடிவுகட்டலாம்.

இரண்டாவது காரணம், துண்டாக்கப்பட்ட கோப்பு. 2021 ஆகஸ்டிலிருந்து பிளே ஸ்டோரில் புதிதாக வரும் செயலிகள் தொகுப்பு வடிவில்தான் பதிவேற்றப்பட வேண்டும். ஸ்டோர் அதை ஒவ்வொரு சாதனத்துக்கும் ஏற்பப் பிரித்து அனுப்புகிறது. மொழி, திரை அளவு, சிப் வகை எனத் தனித்தனித் துண்டுகள் சேர்ந்தால்தான் அது முழுச் செயலி. அடித்துண்டை மட்டும் ஒருவர் போனிலிருந்து எடுத்துக் கொடுத்திருந்தால் அது நிறுவப்படாது, நிறுவப்பட்டாலும் திறக்காது.

மூன்றாவதாக ஆண்ட்ராய்டு பதிப்பைப் பாருங்கள். ஃபயர் ஓ.எஸ். 7 என்பது ஆண்ட்ராய்டு 9-ஐ அடிப்படையாகக் கொண்டது. அதற்கு மேற்பட்ட பதிப்பைக் கேட்கும் கேம் அதில் ஏறாது. இவை எதுவும் இல்லையென்றால், அதே கேமின் பழைய பதிப்பு வேறு கையொப்பத்துடன் (உருவாக்கியவரின் மின் அடையாளம்) ஏற்கெனவே இருக்கிறதா என்று பார்த்து, இருந்தால் நீக்கிவிட்டு மீண்டும் முயலுங்கள்.

கேள்வி: கூகுள் டிவியில் கேம் நிறுவப்பட்டுவிட்டது, ஆனால் முகப்பில் ஐகானே இல்லை.

டிவி முகப்புக்கான அறிவிப்பு இல்லாத செயலிக்கு ஐகான் வராது. செட்டிங்ஸில் ஆப்ஸ் பட்டியலுக்குப் போய் ஓப்பன் கொடுத்தால் திறக்கும்; அல்லது சைடுலோடு லாஞ்சர் என்ற செயலியைப் பிளே ஸ்டோரிலிருந்து நிறுவிக்கொள்ளலாம்.

கேள்வி: இரண்டு கேம் ஏற்றியதுமே இடம் இல்லை என்கிறது. 8 ஜிபி எங்கே போயிற்று?

இயங்குதளத்துக்குப் போக உங்கள் கைக்கு வருவது சுமார் 5 ஜிபிதான். வீடியோ செயலிகள் ஒவ்வொன்றும் தற்காலிகக் கோப்புகளைச் சேர்த்துக்கொண்டே போகின்றன. செட்டிங்ஸ், அப்ளிகேஷன்ஸ், மேனேஜ் இன்ஸ்டால்டு அப்ளிகேஷன்ஸ் என்று சென்று, ஒவ்வொன்றிலும் கிளியர் கேஷ் கொடுங்கள். அதற்கு மிக அருகிலேயே கிளியர் டேட்டா என்ற பொத்தான் இருக்கிறது. கேமின் மீது நின்று அதை அழுத்திவிட்டால், கிளவுடில் (இணையத்தில்) சேமிக்காத ஆட்டம் அனைத்தும் போய்விடும். பிள்ளைகள் வாரக்கணக்கில் தாண்டிய நிலைகள் அழிந்துவிட்டால் சமாதானம் செய்வது எளிதல்ல.

மின்சாரமும் யூ.எஸ்.பி.யும் சேர்ந்து தரும் ஓ.டி.ஜி. கேபிள் மூலம் பென் டிரைவ் இணைத்து, அதைச் சாதனச் சேமிப்பாக ஃபார்மட் செய்துகொள்ளலாம். டிரைவில் முன்பிருந்தவை அழியும். மெதுவான பென் டிரைவைப் போட்டால் கேம் திறக்கும் நேரம் எரிச்சலூட்டும் அளவுக்கு நீளும். எல்லாக் கேம்களும் அதற்கு நகரா என்பதையும் மனத்தில் வைத்துக்கொள்ளுங்கள்.

கேள்வி: புளூடூத் கன்ட்ரோலர் அடிக்கடி அறுந்து போகிறது. பொத்தான் அழுத்தினால் தாமதமாகவும் வேலை செய்கிறது. கன்ட்ரோலர் மாற்ற வேண்டுமா?

இப்போதைக்கு மாற்ற வேண்டாம். அறுந்து போவதும் தாமதமும் இரண்டு தனிச் சிக்கல்கள்.

புளூடூத்தும் 2.4 கிகாஹெர்ட்ஸ் வைஃபையும் ஒரே அலைவரிசைப் பகுதியில் இயங்குகின்றன. ஸ்டிக்கை 5 கிகாஹெர்ட்ஸ் வைஃபைக்கு மாற்றினால் பாதிச் சிக்கல் தீரும். மேலும், டிவியின் உலோக முதுகை ஒட்டி ஸ்டிக் செருகப்பட்டிருந்தால் சிக்னல் தடைபடும். பெட்டியோடு வரும் அந்தக் குட்டி எச்.டி.எம்.ஐ. நீட்டிப்புக் கேபிளைப் பலர் பிரிக்காமலே வைத்திருக்கிறார்கள். அதைப் போட்டு ஸ்டிக்கைச் சற்று வெளியே தொங்க விடுங்கள். மின்சாரத்தை டிவியின் யூ.எஸ்.பி.யிலிருந்து எடுக்காதீர்கள். பழைய யூ.எஸ்.பி. 2.0 துளை 500 மில்லிஆம்பியர் அளவுக்குத்தான் உறுதி. கேம் ஓடும்போது அது போதாமல் ஸ்டிக் தானாக மறுதொடக்கம் ஆகும். உடன் வந்த அடாப்டரையே பயன்படுத்துங்கள்.

தாமதத்துக்கு டிவிதான் முதல் காரணம். படத்தை மெருகேற்றவும் அசைவை மென்மையாக்கவும் டிவி ஒவ்வொரு சட்டகத்தையும் (ஃபிரேம்) பிடித்துவைத்துத் திருத்துகிறது. நொடிக்கு 60 சட்டகம் ஓடும் கேமில் ஒரு சட்டகத்துக்கு 16.7 மில்லிசெகண்ட்தான், டிவி நான்கைந்து சட்டக நேரத்தைத் தின்றுவிட்டால் நீங்கள் தாவச் சொன்ன பிறகுதான் பள்ளம் கண்ணில் படும். டிவியின் ரிமோட்டை எடுத்து, பிக்சர் மோடில் கேம் என்பதைத் தேர்ந்தெடுங்கள். அது இல்லாத பழைய டிவியில், அசைவை மென்மையாக்கும் வசதி எந்தப் பெயரில் இருந்தாலும் அணைத்துவிடுங்கள்.

கன்ட்ரோலரை முதன்முறை இணைக்கும் முறை கேட்டவர்களுக்கு: பிளேஸ்டேஷன் 4 கன்ட்ரோலரில் ஷேர், பி.எஸ். இரண்டையும் விளக்கு வேகமாகச் சிமிட்டும் வரை சேர்த்து அழுத்த வேண்டும்.

கேள்வி: என்னிடம் கேமிங் பிசி உள்ளது. அதில் உள்ள கேமை ஹாலில் இருக்கும் டிவியில் விளையாட முடியுமா?

இந்தக் கேள்விக்காகவே காத்திருந்தேன். டிவி ஸ்டிக்கை கேமுக்குப் பயன்படுத்துவதில் இதைவிடச் சிறந்த வழி இல்லை என்று உறுதியாகச் சொல்வேன். கேம் உங்கள் பிசியில் ஓடுகிறது. திரைக்காட்சி வீடியோவாக மாறி வைஃபை வழியே ஸ்டிக்குக்கு வருகிறது. பொத்தான் அழுத்தம் மட்டும் திரும்பிப் போகிறது. வீடியோவை விரிப்பதுதானே ஸ்டிக்குக்குக் கைவந்த வேலை!

பிசியில் சன்ஷைன், ஸ்டிக்கில் மூன்லைட் நிறுவ வேண்டும். இரண்டும் இலவசம், திறந்த மூல மென்பொருள்கள். மூன்லைட் முன்பு என்விடியாவின் கேம்ஸ்ட்ரீம் வசதியை நம்பியிருந்தது. அந்த வசதியை 2023-இல் என்விடியா நிறுத்திய பிறகு சன்ஷைன் அதன் இடத்தைப் பிடித்தது, ஏ.எம்.டி., இன்டெல் கார்டுகளிலும் இயங்குகிறது. மூன்லைட்டைத் திறந்ததும் பிசியின் பெயர் தெரியும். அதைத் தொட்டால் நான்கு இலக்க எண் வரும். பிசியின் பிரவுசரில் சன்ஷைன் பக்கத்தைத் திறந்து அந்த எண்ணை இட்டால் இரண்டும் கைகோத்துக்கொள்ளும். கேம்கள் எல்லாம் ஸ்டீமில் (பிசி கேம்களுக்கான ஸ்டோர்) மட்டுமே இருந்தால், ஆண்ட்ராய்டு டிவியில் ஸ்டீம் லிங்க் செயலியே போதும்.

பிசியை ரவுட்டருடன் லேன் கேபிளில் இணையுங்கள். இதில் மட்டும் சமரசம் வேண்டாம். இரண்டு முனையும் வைஃபையில் இருந்தால் ஒவ்வொரு சட்டகமும் காற்றில் இரண்டு முறை பயணிக்க வேண்டியிருக்கும். 1080பி, 60 சட்டகம், 20 எம்.பி.பி.எஸ். என்ற அளவில் தொடங்குங்கள். மூன்லைட் அமைப்புகளில் செயல்திறன் விவரங்களைக் காட்டச் சொன்னால், திரையின் மூலையில் சிறு எழுத்தில் எண்கள் ஓடும். அதில் டிகோடிங் (வீடியோவை விரிக்கும்) நேரம் 16 மில்லிசெகண்டைத் தாண்டினால் ஸ்டிக் திணறுகிறது என்று பொருள், தெளிவை 720பி-க்கு இறக்குங்கள். டிகோடிங் குறைவாக இருந்தும் சட்டகங்கள் இழப்பு அதிகமாக இருந்தால் குறை வைஃபையில் இருக்கிறது, எம்.பி.பி.எஸ். அளவைக் குறையுங்கள். இந்த எண்களைப் பார்க்காமல் ஸ்டிக்கையோ ரவுட்டரையோ மாற்றச் செலவு செய்யாதீர்கள்.

கேள்வி: பிசியும் இல்லை. கிளவுட் கேமிங்கை நம்பலாமா?

கிளவுட் கேமிங்கில் கேம் நிறுவனத்தின் கணினியில் ஓடி, காட்சி இணையம் வழியே உங்கள் டிவிக்கு வருகிறது. ஃபயர் டிவி ஸ்டிக் 4கே, 4கே மேக்ஸ் ஆகியவற்றின் 2023 மாடல்களுக்கு எக்ஸ்பாக்ஸ் செயலி 2024 ஜூலையில் சில நாடுகளில் வந்தது. இந்தியாவில் எக்ஸ்பாக்ஸ் கிளவுட் கேமிங் 2025 நவம்பரில் தொடங்கியது. கேம் பாஸ் சந்தாவும் புளூடூத் கன்ட்ரோலரும் வேண்டும். இணைய வேகத்தைவிட அது சீராக இருப்பது முக்கியம். மாலையில் வீட்டில் எல்லோரும் வீடியோ பார்க்கும் நேரத்தில் சோதித்துவிட்டு முடிவெடுங்கள். ஒரு மாதச் சந்தாவோடு தொடங்குவதே நல்லது. கூகுளின் கிளவுட் கேமிங் சேவையான ஸ்டேடியா 2019 நவம்பரில் தொடங்கி 2023 ஜனவரியில் மூடப்பட்டது. அப்போது கூகுள் பணத்தைத் திருப்பித் தந்தது என்றாலும், கிளவுட் சேவையில் கேம் நம் கையில் இருப்பதில்லை என்பதை அது காட்டிவிட்டது.

கேள்வி: பத்தாயிரம் கேம் உள்ளே இருப்பதாகச் சொல்லி விற்கும் கேம் ஸ்டிக், பெயர் தெரியாத மலிவு ஆண்ட்ராய்டு பாக்ஸ் இவற்றை வாங்கலாமா?

இரண்டையும் நான் பரிந்துரைக்க மாட்டேன். அந்தக் கேம் ஸ்டிக்கில் இருப்பது ஒரு எமுலேட்டரும் (பழைய கேம் கருவிகளைப் போல நடித்து அவற்றின் கேம்களை ஓட்டும் மென்பொருள்), மெமரி கார்டில் உரிமம் இன்றி நகலெடுத்துப் போட்ட பழைய கேம்களும்தான். ஒரே கேம் வெவ்வேறு பெயரில் பலமுறை வந்து எண்ணிக்கையைக் கூட்டும். பழைய கேம் பிடிக்கும் என்றால் ரெட்ரோஆர்க் போன்ற எமுலேட்டரை நிறுவி, உரிமத்தோடு இலவசமாக வெளியிடப்படும் கேம்களைப் போட்டு விளையாடுங்கள்.

மலிவு பாக்ஸில் அபாயம் இன்னும் பெரிது. பேட்பாக்ஸ் 2.0 என்ற தீநிரல், தொழிற்சாலையிலிருந்து வரும்போதே சில மலிவு ஆண்ட்ராய்டு கருவிகளில் புகுத்தப்பட்டிருப்பதாக 2025 ஜூனில் அமெரிக்காவின் எஃப்.பி.ஐ. எச்சரித்தது. அப்படிப்பட்ட பாக்ஸ் உங்கள் வீட்டு இணையத்தைப் பிறரின் குற்றச் செயலுக்கு வழியாக மாற்றிவிடும். வாங்கும் முன் கூகுளின் பிளே ப்ரொடெக்ட் பாதுகாப்புச் சான்று இருக்கிறதா என்று பாருங்கள்.

கேள்வி: என் மகன் கேமுக்குள் பணம் கட்டி ஏதோ வாங்கிவிட்டான். இனி நடக்காமல் தடுப்பது எப்படி?

அம்மா, ஃபயர் டிவியில் செட்டிங்ஸ், பிரிஃபரன்சஸ், பேரன்டல் கன்ட்ரோல்ஸ் என்று போய் அதை இயக்கி, வாங்கும்போது ரகசிய எண் (PIN) கேட்கும்படி வையுங்கள். கூகுள் டிவியில் பிளே ஸ்டோரின் அமைப்புகளில், ஒவ்வொரு கொள்முதலுக்கும் கடவுச்சொல் கேட்கும் வசதியைத் தேர்ந்தெடுங்கள். மகனுக்குத் தனியாகக் குழந்தைகள் புரொஃபைல் ஒன்றும் உருவாக்கிவிடுங்கள். ஏற்கெனவே கட்டிய தொகைக்கு ஆர்டர் விவரத்துடன் உடனே வாடிக்கையாளர் சேவையில் பணத்தைத் திரும்பக் கேளுங்கள். குழந்தை அறியாமல் வாங்கியது என்பதைத் தெளிவாக எழுதுங்கள். நாள் கடந்தால் கிடைக்கும் வாய்ப்பு குறையும்.