சேர்வராயன் மலை மொட்டையாகத் தெரிந்தால்

எக்ஸ்-பிளேன் 12 விமான சிமுலேட்டரில் ஆர்த்தோ4எக்ஸ்பி (வான்படங்களை வைத்துத் தரையை உருவாக்கும் மென்பொருள்) செய்த டைல், அதாவது ஒரு சதுரத் துண்டு நிலப்பரப்பு, போட்டதும் சேர்வராயன் மலையில் மரமே இல்லை, ஏற்காட்டில் பனிமூட்டமும் வருவதில்லை என்று கேட்டிருந்தீர்கள்.

ஆர்த்தோ டைல் தருவது தரையும் அதன்மேல் ஒட்டிய படமும்தான். மரம், வீடு, சாலை எல்லாம் ஓவர்லே என்ற தனி மேலடுக்கில் இருக்கும். சேலம் விமான நிலையமும் ஏற்காடு ஏரியும் ஒரே டைல், +11+078 (அட்சரேகை 11, தீர்க்கரேகை 78). அதற்கு மட்டும் ஓவர்லே பிரித்தெடுத்தால் போதும். அப்புறம் கஸ்டம் சீனரி ஃபோல்டரில் எது எதன்மேல் வர வேண்டும் என்று பட்டியலிடும் சீனரி பேக்ஸ் கோப்பைத் (scenery_packs.ini) திறந்து பாருங்கள்: விமான நிலையம் மேலே, ஓவர்லே அதற்கடுத்து, ஆர்த்தோ டைல் அடியில். பெரும்பாலும் இந்த வரிசைதான் குளறுபடி.

பனிமூட்டத்துக்குக் காசு கொடுத்து ஆட்-ஆன் வாங்க வேண்டாம். சிமுலேட்டரின் நிஜ வானிலை உலகளாவிய முன்கணிப்பிலிருந்து வருகிறது; அது உலகைப் பெரிய கட்டங்களாகப் பிரித்துக் கணிப்பது, அந்தக் கட்டங்களுக்கு நம் மலை ரொம்பச் சின்னது. கைமுறை வானிலையில் மேகத்தின் அடியை 4,500 அடியில் வையுங்கள், ஏரி மறைந்துவிடும்.