விரல்கள் பின்னால் வளைகின்றன, மூட்டெல்லாம் வலி: இது வாதமா?

கேள்வி: எனக்கு 24 வயது. விரலும் முழங்கையும் அளவுக்கு மிஞ்சி வளைகின்றன. எந்நேரமும் மூட்டுவலி. இரத்தப் பரிசோதனையில் ஒன்றும் இல்லை என்கிறார்கள். இது வாதமா? என்ன செய்யலாம்?

வெள்ளவத்தையில் எங்கள் வீட்டில் இரண்டு மூட்டுவலிகள் குடியிருக்கின்றன. அம்மாவுக்கு முடக்குவாதம். காலையில் எழுந்து ஒரு மணி நேரத்துக்கு மேலாகியும் தேநீர்க் கோப்பையைப் பிடிக்க மாட்டார். இரண்டு கையிலும் விரல் கணுக்கள் ஒரே மாதிரி வீங்கிச் சுடும். பத்து மணியானால் கை இளகும். எனக்கு நேர் எதிர். காலையில் சுகமாகத்தான் எழும்புவேன். வேலை முடிந்து 100ஆம் இலக்க பஸ்ஸில் தொங்கிக்கொண்டு வீடு சேரும்போது தோள் தனி, முழங்கால் தனி என்றாகிவிடும். வீக்கம் மட்டும் இராது. ஆகவே, உங்களுக்கு வலி எந்த நேரத்தில் கூடுகிறது, வீக்கம் இருக்கிறதா என்பதை இரண்டு வாரம் ஒரு கொப்பியில் எழுதுங்கள். வைத்தியருக்கு அது பெரிய உதவி.

சிறு வயதில் நடன வகுப்பில் நான் 'ரப்பர் பிள்ளை'. பெருவிரலை முன்கையோடு ஒட்டிக் காட்டுவேன், எல்லோரும் கைதட்டுவார்கள். 27 வயதில் பஸ் திடீரென்று பிரேக் போட்டபோது, மேல்கம்பியைப் பிடித்திருந்த தோள் மூட்டிலிருந்து வழுகியது. அதன்பின் நான் பார்த்த வைத்தியர் ஒருவர் அறிக்கைகளைப் புரட்டிவிட்டு, கலியாணம் செய்தால் எல்லாம் சரியாகும் என்றார். அந்த மருந்தை நான் இன்னும் எடுக்கவில்லை.

பிறகு வாதநோய் விசேட வைத்திய நிபுணர் ஒருவர் ஐந்து நிமிடத்தில் 9 புள்ளிச் சோதனையைச் செய்தார். சுண்டுவிரல் 90 பாகைக்கு மேல் பின்னால் வளைகிறதா, பெருவிரல் முன்கையைத் தொடுகிறதா, முழங்கையும் முழங்காலும் 10 பாகைக்கு மேல் பின்னோக்கி வளைகின்றனவா என்று இரு பக்கமும் பார்ப்பார்கள். முழங்காலை மடக்காமல் உள்ளங்கைகளைத் தரையில் பதிக்க முடிந்தால் இன்னொரு புள்ளி. 50 வயதுக்கு உட்பட்ட பெரியவர்களில் 5 வந்தாலே பொதுவான மூட்டுத் தளர்வு. எனக்கு 7. தளர்வு மட்டும் நோயல்ல. வலியே இல்லாமல் வளைபவர்கள் ஏராளம். வலியும் வழுகலும் சேரும்போதுதான் அதற்கு ஹைப்பர்மொபிலிட்டி (மூட்டு மிஞ்சி வளைதல்) கோளாறு என்றோ, உடலைப் பிணைக்கும் திசு பிறவியிலேயே பலவீனமாக இருக்கும் ஏலர்ஸ்-டான்லோஸ் நோயின் வகைகளில் ஒன்று என்றோ பெயர் வைக்கிறார்கள். இதை வழக்கமான இரத்தப் பரிசோதனை காட்டாது.

நான் செய்த பெரிய பிழை இரண்டு. வலிக்கும் இடத்தை இழுத்து நீட்டி நெளிவு எடுப்பேன். அந்த நேரத்துக்குச் சுகமாக இருக்கும். ஆனால் ஏற்கெனவே நீண்டு கிடக்கும் தசைநாரை மேலும் நீட்டி என்ன பயன்? என் இயன்மருத்துவர் அதை நிறுத்தச் சொல்லி, மூட்டைச் சுற்றியுள்ள தசையை மெல்ல மெல்ல வலுவாக்கும் பயிற்சி தந்தார். பலன் தெரிய ஐந்தாறு மாதம் பிடித்தது. நிற்கும்போது முழங்காலைப் பின்னுக்குத் தள்ளிப் பூட்டாமல் இருக்கப் பழகுவதுதான் இன்றுவரை பெரும்பாடு. நடைக்கு வெள்ளவத்தைக் கடற்கரை மணலை விட்டுக் காலிமுகத்திடலின் நடைபாதைக்கு மாறினேன். மணலில் கணுக்கால் புரண்டுகொண்டே இருந்தது.

இரண்டாவது, நல்ல நாள் வந்தால் எல்லா வேலையையும் அன்றைக்கே முடிக்கப் பார்ப்பது. ஓர் ஆடிவேலுக்குச் செட்டியார் தெருவிலிருந்து பம்பலப்பிட்டி வரை தேரோடு நடந்தேன். அடுத்த நான்கு நாள் படுக்கை. படுத்துக் கிடந்தால் தசை இளைக்கும், தசை இளைத்தால் வலி கூடும். இப்போது நல்ல நாளிலும் கெட்ட நாளிலும் ஏறக்குறைய ஒரே அளவு நடக்கிறேன். நீண்ட நாள் வலியில் நரம்புகளே கூர்மையாகி, சிறு உரசலையும் பெரிதாகச் சொல்லத் தொடங்கும். அதற்காக வலி கற்பனை என்று ஆகாது. பனடோல் 500 மில்லிகிராம் வில்லை ஒரு நாளில் எட்டைத் தாண்டக் கூடாது. அதை நம்பியே காலம் தள்ளவும் முடியாது.

அம்மாவின் கதை வேறு. இரண்டு வருடம் எண்ணெயும் கட்டுமாக ஓடியது. அதற்குள் விரல்கள் கோணிவிட்டன, அவை இனி நேராகா. இப்போது மெத்தோட்ரெக்சேட் என்ற முடக்குவாத மருந்தை எடுக்கிறார். அது வாரத்தில் ஒரே ஒரு நாள்; தவறி நாளாந்தம் விழுங்கினால் உயிருக்கே ஆபத்து. எங்கள் வீட்டு நாட்காட்டியில் ஞாயிறெல்லாம் சிவப்பு வட்டம்.

ஆகவே வீக்கம், சூடு, அரை மணி நேரத்தைத் தாண்டும் காலை விறைப்பு, காய்ச்சல், உடல் மெலிவு, கண் சிவப்பு ஆகியவற்றில் ஒன்று இருந்தாலும், அறிக்கை சரியாக இருக்கிறதே என்று வீட்டில் இருந்துவிடாதீர்கள். முடக்குவாதத்துக்காக இரத்தத்தில் தேடும் ருமட்டொயிட் காரணி இல்லாமலும் அந்த நோய் வரும். அது இருந்தும் நோயில்லாதவர்களும் உண்டு. ஏலர்ஸ்-டான்லோஸின் ஒரு வகையில் இரத்தக் குழாய்களும் பலவீனமாக இருக்கும்; ஆகவே குடும்பத்தில் யாருக்காவது பெருநாடி (இதயத்திலிருந்து புறப்படும் பெரிய இரத்தக் குழாய்) வெடித்திருந்தால் அதையும் வைத்தியரிடம் கட்டாயம் சொல்லுங்கள். கொழும்பு தேசிய வைத்தியசாலையின் வாதநோய் கிளினிக்கில் பணம் கட்டத் தேவையில்லை, பொறுமைதான் வேண்டும். சாப்பாடு கொண்டு போங்கள்.

அந்தப் பெருவிரல் வித்தையையும் விட்டுவிடுங்கள். போன மாதம் மருமகளுக்கு ஆசையாகக் காட்டினேன். அம்மாவாலும் தேங்காய் துருவ முடியாது, என்னாலும் முடியவில்லை. இரண்டு நாள் சொதி தேங்காய்ப்பால் மாவில்தான்.