கோல் மழையும் கோணல் கணக்கும்: அமெரிக்கக் கால்பந்து கேள்வி-பதில்

இந்த முறை வந்த கேள்விகளில் பாதிக்கு மேல் ஒரே ரகம்: "அமெரிக்காவில் அதிக கோல் விழுந்த மேட்ச் எது சார்?" அவ்வளவுதான், அதற்கு மேல் ஒரு வார்த்தை கிடையாது. எந்த லீக், எந்த ஆண்டு, ஷூட்அவுட் கோலைச் சேர்த்தா சேர்க்காமலா? இந்த மூன்றையும் எழுதுங்கள் என்று எத்தனையோ முறை சொல்லியாகிவிட்டது. சரி, கொஞ்சமாவது விவரத்தோடு வந்தவற்றை மட்டும் எடுத்துக்கொள்கிறேன்.

எம்எல்எஸ் வரலாற்றில் ஒரே மேட்சில் ஒரு அணி அடித்த அதிகபட்ச கோல் எவ்வளவு?

எட்டு. (எம்எல்எஸ் என்பது மேஜர் லீக் சாக்கர், அமெரிக்காவின் இன்றைய முதன்மை லீக்.) 1998 ஜூன் 4, லாஸ் ஏஞ்சலிஸ் கேலக்ஸி 8, டாலஸ் பர்ன் 1. இதில் பலரும் தவறவிடும் விஷயம், ஹாருட் கராபெட்யான் என்ற ஆர்மேனியக்காரர் அன்றைக்கு ஐந்தே நிமிடத்துக்குள் ஹாட்ரிக் அடித்தார் என்பது. அந்த சீசன் முழுக்கவே கேலக்ஸி அப்படித்தான் ஆடியது, 32 ஆட்டத்தில் 85 கோல். 2019-ல் அதே ஊரின் இன்னொரு அணியான எல்ஏஎஃப்சி அதே 85-ஐத் தொட்டது, ஆனால் 34 ஆட்டத்தில், அதுவும் கார்லோஸ் வெலா தனி ஆளாக 34 போட்ட சீசனில். ரெண்டும் சமம் என்று பட்டியலில் போடுகிறார்கள், என் கணக்கில் சமம் இல்லை. இன்னொன்றையும் சொல்லிவிடுகிறேன்: 85 அடித்தும் 1998-ல் கேலக்ஸிக்குக் கோப்பை கிடைக்கவில்லை. முதல் சீசன் ஆடிய சிகாகோ ஃபயர் பிளேஆஃபில் (லீக் ஆட்டங்கள் முடிந்ததும் கோப்பைக்காக நடக்கும் சுற்று) அவர்களை வெளியேற்றி, கோப்பையையும் தூக்கிக்கொண்டு போனது.

7-0 என்பது எம்எல்எஸ்ஸில் எத்தனை முறை நடந்திருக்கிறது? ஒரு லிஸ்ட் போடுங்களேன்.

லிஸ்ட் போடுவது என் வேலை இல்லை. மறக்க முடியாத நான்கைச் சொல்கிறேன். 2001 ஜூலை 4, சிகாகோ ஃபயர் கன்சாஸ் சிட்டியை. 2016 மே 21, நியூயார்க் ரெட் புல்ஸ் நியூயார்க் சிட்டியை, அதுவும் எதிரி வீடான யாங்கி ஸ்டேடியத்தில். அது பேஸ்பால் மைதானம், கால்பந்துக்குக் கோடு போட்டால் ஆடுகளம் குறுகலாகத்தான் வரும், அங்கே போய் ஏழு அடித்தார்கள். 2022 ஜூலையில் பிலடெல்பியா யூனியன் டிசி யுனைடெட்டை; அது போதாதென்று ஆகஸ்டில் அதே டிசிக்கு ஒரு 6-0 வேறு.

நான்காவதுதான் எனக்குப் பிடித்தது. 2024 இறுதிப் போட்டியில் கேலக்ஸி ரெட் புல்ஸை 2-1 என்று வென்று சாம்பியன் ஆனது. ஐந்து மாதம் கழித்து, 2025 மே 10 அன்று, அதே ரெட் புல்ஸிடம் 7-0 வாங்கியது. எட்டு அடித்த சாதனையும் கேலக்ஸி பேரில், நடப்பு சாம்பியனாக ஏழு வாங்கிய அவமானமும் கேலக்ஸி பேரில்.

அமெரிக்க அணி ஒருமுறை 31-0 என்று தோற்றதாமே, உண்மையா?

அது அமெரிக்கா இல்லை, அமெரிக்கன் சமோவா. பசிபிக் தீவு. 2001-ல் ஆஸ்திரேலியாவிடம், உலகக்கோப்பை தகுதிச் சுற்றில். ஆர்ச்சி தாம்சன் மட்டும் 13 அடித்தார். தொழில்முறை லீகுக்கும் இதற்கும் ஸ்நானப்பிராப்தி கூடக் கிடையாது. இந்தக் கேள்வி வருடத்துக்கு நாலு தடவை வருகிறது.

நியூயார்க் காஸ்மோஸ் அணிக்காக ஜார்ஜியோ கினாலியா ஒரே மேட்சில் 12 கோல் அடித்தார் என்று படித்தேன். 12 கோலா?

இல்லை. நீங்கள் படித்தவர் புள்ளியைக் கோல் என்று நினைத்துவிட்டார். என்ஏஎஸ்எல் (நார்த் அமெரிக்கன் சாக்கர் லீக்) என்ற பழைய லீகில் ஒரு கோலுக்கு 2 புள்ளி, ஒரு அசிஸ்டுக்கு (கோலுக்குப் பந்து எடுத்துக்கொடுப்பது) 1 புள்ளி என்றுதான் ஆட்டக்காரர்களை வரிசைப்படுத்துவார்கள். 1976 ஆகஸ்டில் மயாமி டோரோஸுக்கு எதிரான 8-2 வெற்றியில் கினாலியா அடித்தது 5 கோல், கொடுத்தது 2 அசிஸ்ட். கூட்டிப் பாருங்கள், 12 வரும். அவருடைய பெரிய கணக்கு 1980 பிளேஆஃபில் டல்சா ரஃப்நெக்ஸுக்கு எதிரான 8-1. அந்த எட்டில் ஏழு அவருடையது.

இதே குழப்பம் எம்எல்எஸ்ஸிலும் உண்டு. 1996-ல் ராய் லாசிட்டர் 58 எடுத்தார் என்று யாராவது சொன்னால் பயப்படாதீர்கள், 27 கோலும் 4 அசிஸ்டும். எந்த லீக், எந்த ஆண்டு என்று பார்த்துவிட்டு அப்புறம் ஆச்சரியப்படுங்கள்.

எம்எல்எஸ்ஸில் ஒரே மேட்சில் ஒருவர் அடித்த அதிக கோல்?

கிளின்ட் மாதிஸ், 5. மெட்ரோஸ்டார்ஸுக்காக, டாலஸ் மைதானத்தில், 2000 ஆகஸ்ட் 26. மேட்ச் 6-4 என்று முடிந்தது. ஒருவர் ஐந்து அடித்தும் எதிரணி நான்கு போட்டிருக்கிறது என்றால் ரெண்டு பக்கமும் டிஃபென்ஸ் எப்படி இருந்திருக்கும் என்று நீங்களே யோசித்துக்கொள்ளுங்கள். அந்தக் காலத்தில் டாலஸ் மேல் யாருக்கு என்ன கோபமோ தெரியவில்லை.

1978-ல் காஸ்மோஸ் 9-2 என்று தோற்றது என்கிறார்கள், அதே ஆண்டு சாம்பியன் என்றும் இருக்கிறது. ஏதோ ஒன்று பொய்தானே? 9-2, 4-0 இரண்டையும் கூட்டினால் மின்னசோட்டா 9-6 என்று வென்றிருக்க வேண்டும்.

ரெண்டும் உண்மை. பொய்யாக இருப்பது உங்கள் கூட்டல். இந்தக் கூட்டலைப் பார்த்துப் பார்த்து எனக்கு அலுத்துவிட்டது, அதனால் கொஞ்சம் விரிவாகவே எழுதுகிறேன், இனி இந்தக் கேள்வி வந்தால் இதையே படிக்கச் சொல்லப்போகிறேன்.

1978 ஆகஸ்டில் மின்னசோட்டா கிக்ஸ் தன் சொந்த ஊரில் காஸ்மோஸை 9-2 என்று துவைத்தது. ஆலன் வில்லி மட்டும் ஐந்து கோல். காஸ்மோஸ் ஏதோ சொத்தை அணி என்று நினைக்க வேண்டாம், பெக்கன்பாவர், கார்லோஸ் ஆல்பர்டோ, கினாலியா எல்லாம் இருந்த அணி. அடுத்த லெக், அதாவது அதே சுற்றின் ரெண்டாவது மேட்ச், காஸ்மோஸின் இடமான நியூ ஜெர்சியில், காஸ்மோஸ் 4-0. ஐரோப்பியப் போட்டிகளைப் பார்த்துப் பழகியவர்கள் உடனே ரெண்டையும் கூட்டி 9-6 என்று போட்டுவிடுகிறார்கள். ஆனால் என்ஏஎஸ்எல்லில் அப்படிக் கூட்டும் பழக்கமே இல்லை. ஒன்பது கோலில் ஜெயித்தாலும் அரை கோலில் ஜெயித்தாலும் அது ஒரு வெற்றி, அவ்வளவுதான். ஆளுக்கு ஒன்று என்று சமமானால், அதே ராத்திரி, அதே மைதானத்தில், 30 நிமிடத்துக்கு ஒரு குட்டி ஆட்டம் ஆடுவார்கள். அதிலும் முடிவு வராவிட்டால் ஷூட்அவுட். காஸ்மோஸ் அப்படித்தான் ஷூட்அவுட் வரை போய்த் தப்பித்தது, பிறகு இறுதியில் டாம்பா பேயை 3-1 என்று வென்று கோப்பையும் வாங்கியது. மின்னசோட்டா ரசிகர்களுக்கு வயிறு எரிந்திருக்கும், நியாயம்தான். ஆனால் விதி எல்லோருக்கும் முன்கூட்டியே தெரிந்த விதி.

இதோடு முடிந்தால் பரவாயில்லை. ஷூட்அவுட் என்றதும் பெனால்டி என்று நினைக்கிறவர்கள் இருக்கிறார்கள். இல்லை. கோலுக்கு 35 யார்டு தூரத்தில் பந்தை வைத்து, ஐந்து விநாடிக்குள் ஓடிவந்து கோல்கீப்பரைத் தாண்டி அடிக்க வேண்டும். கோல்கீப்பர் முன்னால் ஓடிவரலாம். என்ஏஎஸ்எல்லில் 1977 முதல் இது நடந்தது, அதில் ஜெயித்த அணியின் ஸ்கோரில் ஒரு கோலைக் கூடுதலாகப் போட்டுவிடுவார்கள். ஆக அந்தக் காலத்து 3-2 என்பது உண்மையில் 2-2 ஆக இருக்கலாம், 1-0 என்பது 0-0 ஆகவும் இருக்கலாம். எம்எல்எஸ்ஸும் 1996 முதல் 1999 வரை இதே 35 யார்டு ஷூட்அவுட்டை வைத்திருந்தது, அங்கே சாதாரண வெற்றிக்கு 3 புள்ளி, ஷூட்அவுட் வெற்றிக்கு ஒன்றுதான். இந்த வித்தியாசம் எதையும் பார்க்காமல் ரெண்டு லீகின் ஸ்கோரையும் ஒரே அட்டவணையில் அடுக்கி 'அமெரிக்கக் கோல் சாதனைகள்' என்று போடுகிறார்களே, அதைத்தான் என்னால் பொறுக்க முடியவில்லை.

இன்னும் இருக்கிறது. என்ஏஎஸ்எல் லீக் ஆட்டத்தில் வெற்றிக்கு 6 புள்ளி, அதற்கு மேல் ஒரு கோலுக்கு ஒரு புள்ளி என்று மூன்று வரை போனஸ். 4-3 என்று தோற்றவனும் 3 புள்ளியோடு வீட்டுக்குப் போவான், 1-0 என்று தோற்றவனுக்கு ஒன்றும் இல்லை. அப்படி இருந்தால் எந்தக் கோச் கடைசி இருபது நிமிடம் கதவைச் சாத்திக்கொண்டு உட்காருவார்? போதாததற்கு 1970-களில் ஆஃப்சைடு (பந்து வருமுன் எதிரணி டிஃபென்ஸைத் தாண்டி நிற்கக் கூடாது என்ற விதி) கோட்டையே நடுக்கோட்டிலிருந்து கோலுக்கு 35 யார்டு தூரத்துக்குத் தள்ளி வைத்தார்கள். கோல் விழாமல் என்ன செய்யும். 9-2-ஐ இன்றைய 7-0-உடன் ஒப்பிடுகிறவர்கள் இதையெல்லாம் தெரிந்துகொண்டு ஒப்பிடட்டும்.

கூட்டல் செல்லும் மேட்ச் வேண்டுமென்றால் 2003-க்குப் போங்கள். எம்எல்எஸ் பிளேஆஃப், முதல் லெக்கில் கேலக்ஸி 2-0, ரெண்டாவது லெக் தொடங்கிக் கால் மணி நேரத்துக்குள் இன்னும் ரெண்டு. மொத்தம் 4-0. அங்கிருந்து சான் ஹோசே எர்த்குவேக்ஸ் நான்கு அடித்துச் சமன் செய்து, கூடுதல் நேரத்தில் ரோட்ரிகோ ஃபாரியா கோல்டன் கோல் (விழுந்தவுடன் ஆட்டம் முடிந்துவிடும் கோல்) போட, அன்றைய ஸ்கோர் 5-2, மொத்தம் 5-4. இங்கே கூட்டுங்கள், யாரும் கேட்கமாட்டார்கள்.

பேலே ஆடிய காலத்தில் பெரிய ஸ்கோர் ஏதாவது?

1977 ஆகஸ்ட் 14, பிளேஆஃப், காஸ்மோஸ் 8, ஃபோர்ட் லாடர்டேல் ஸ்ட்ரைக்கர்ஸ் 3. பார்க்க வந்தவர்கள் 77,000-க்கும் மேல். அந்த சீசனில் லீகின் சிறந்த கோல்கீப்பர் என்று தேர்வானவர் ஸ்ட்ரைக்கர்ஸின் கார்டன் பேங்க்ஸ், ஒரு கண்ணில் பார்வை போன பிறகு ஆடியவர். அப்படி ஒரு கோல்கீப்பரை வைத்திருந்த அணி எட்டு வாங்கியது.

இண்டோர் சாக்கரில் 20, 30 என்றெல்லாம் ஸ்கோர் வருகிறதே, அது சாதனையில் சேராதா?

சேராது. அது வேறு ஆட்டம். சில இண்டோர் லீகுகளில் தூரத்திலிருந்து அடித்தால் ஒரே கோலுக்கு மூன்று புள்ளி. அடுத்த கேள்வி.

எம்எல்எஸ் கோப்பை இறுதியில் அதிக கோல்?

ஆறு, இரண்டு முறை. 2003-ல் சான் ஹோசே 4, சிகாகோ 2. 2022-ல் எல்ஏஎஃப்சி 3, பிலடெல்பியா 3, இதில் கேரத் பேல் 128-வது நிமிடத்தில் தலையால் முட்டிச் சமன் செய்தார். அப்புறம் பெனால்டியில் எல்ஏஎஃப்சி. பெனால்டி கோல்களை மேட்ச் ஸ்கோரில் சேர்த்து எனக்கு எழுதாதீர்கள், தயவுசெய்து.

மெஸ்ஸி வந்தபிறகு 6-2 சர்வ சாதாரணமாகிவிட்டது. எம்எல்எஸ் டிஃபென்ஸ் அவ்வளவு மட்டமா?

அரை உண்மை. 2024 மே மாதம் ரெட் புல்ஸுக்கு எதிரான 6-2-ல் இன்டர் மயாமிக்காக மெஸ்ஸி 1 கோல், 5 அசிஸ்ட், சுவாரஸ் ஹாட்ரிக். அக்டோபரில் நியூ இங்கிலாந்துக்கு எதிராக இன்னொரு 6-2, மயாமி 2-0 பின்தங்கியிருந்து, மெஸ்ஸி மாற்று ஆளாக இறங்கிப் பதினோரு நிமிடத்தில் மூன்று. அந்த வெற்றியோடு 74 புள்ளி, லீக் சாதனை. பிளேஆஃப் முதல் சுற்றிலேயே அட்லாண்டாவிடம் தோற்று வெளியே போனார்கள், அதையும் சேர்த்தே சொல்லுங்கள்.

காரணம் சம்பள உச்சவரம்பில் இருக்கிறது. 2007-ல் பெக்காமுக்காகக் கொண்டுவந்த விதியால் இப்போது ஒரு அணி மூன்று பேருக்கு வரம்பைத் தாண்டிச் சம்பளம் கொடுக்கலாம். அந்த மூன்று இடத்தையும் முதலாளிகள் பெரும்பாலும் கோல் அடிக்கிறவனுக்கே கொடுக்கிறார்கள், டிக்கெட் விற்க வேண்டுமே. வரம்புக்குள் வாங்கிய டிஃபெண்டர் கோடிகளில் வாங்கிய ஃபார்வர்டைத் துரத்துகிறான். அதுவும் புது அணி என்றால் கேட்கவே வேண்டாம். மின்னசோட்டா யுனைடெட் 2017-ல் எம்எல்எஸ்ஸுக்குள் வந்ததும் முதல் மேட்ச் 5-1 தோல்வி, ரெண்டாவது மேட்ச் சொந்த ஊரில் பனி கொட்டும்போது அட்லாண்டாவிடம் 6-1.

ஆனால் கோல் மழை என்றாலே டிஃபென்ஸ் மோசம் என்று முடிவு கட்டாதீர்கள். மேலே சொன்ன 2022 பிலடெல்பியா 7-0 ஒன்று, 6-0 மூன்று என்று அடித்துத் தள்ளியது, 34 ஆட்டத்தில் அவர்கள் வாங்கியது வெறும் 26. நீங்கள் மட்டமான டிஃபென்ஸைப் பார்க்க வேண்டுமென்றால் 2024 சான் ஹோசே, 78 வாங்கியது.

மிகப் பழைய சாதனை ஒன்று சொல்லுங்கள்.

ஆர்ச்சி ஸ்டார்க், பெத்லகேம் ஸ்டீல் அணி, அந்தக் கால அமெரிக்கன் சாக்கர் லீக், 1924-25 சீசன், 67 கோல். ஆஃப்சைடு விதியைத் தளர்த்தியது 1925-ல்தான், அதாவது அந்த சீசன் முடிந்தபிறகு. கஷ்டமான விதியில் அடித்த கோல்கள் அவை. இதற்கு ஒரு லைக் போடலாம்.

பெண்கள் லீகை ஏன் எப்போதும் விட்டுவிடுகிறீர்கள்?

விடவில்லை, யாரும் கேட்பதில்லை. 2024 மார்ச் 16, கன்சாஸ் சிட்டி கரண்ட் 5, போர்ட்லேண்ட் தார்ன்ஸ் 4. பெண்கள் தொழில்முறை அணிக்கென்றே கட்டிய முதல் ஸ்டேடியம், சுமார் 11,500 பேர் உட்காரலாம், அங்கே நடந்த முதல் மேட்சே இதுதான். ஒன்பதும் ஆட்ட நேரத்தில் விழுந்தவை, ஷூட்அவுட் கிடையாது. லீக் என்டபிள்யூஎஸ்எல், அதாவது அமெரிக்கப் பெண்கள் தொழில்முறை லீக். பார்த்தீர்களா, மூன்று விவரமும் ரெண்டு வரியில் அடங்கிவிடுகிறது.